பாத்துக்க, உலகநாதா

உட்காருங்க சார். முதல் பந்தி இப்பத்தான் ரசத்துக்கு வந்திருக்கு. அப்புறம் பாயசம், மோர், அதுக்கப்புறம் பேசிக்கிட்டே எந்திரிக்க ஒரு அஞ்சு நிமிஷம். கதவுகிட்ட நின்னீங்கன்னா முண்டியடிக்கிற கூட்டத்துல சட்டை கசங்கிடும். இந்த பெஞ்சில உட்காருங்க. ரெண்டாவது பந்தி போட்டதும் நானே சொல்றேன்.

மாப்பிள்ளையோட ஆபீஸா? மெட்ராஸா? நல்லது. சொந்த ஊரு? அதுக்கில்ல, சும்மா கேட்டேன். இப்பல்லாம் யாரு என்னன்னு கேக்கக் கூடாதுல்ல. நான் இந்த மண்டபத்துக்கு மேனேஜர். மேனேஜர்னா சாவி என்கிட்ட இருக்கும், மோட்டார் போடுவேன், பாத்திரம் எண்ணி வாங்குவேன். உலகநாதன்னு பேரு. ஊருக்குள்ள வேற ஒரு பேரு உண்டு, அது எதுக்கு இப்ப.

அந்தப் போட்டோவைத்தானே பாக்கறீங்க? வர்றவங்க எல்லாரும் அதைத்தான் பாப்பாங்க. கல்யாண மண்டபத்துல சாமி படம் இருக்கும், இதென்ன வரிசையா உக்காந்து சாப்பிடறவங்க படம்னு. நடுவுல மாலையோட இருக்காரே, அவர்தான் ஆபத்சகாயம் பிள்ளை. வாசல்ல பேரு பாத்திருப்பீங்க. இந்த இடம் அப்ப அவரோட சத்திரம். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபது, ஜனவரி இருபத்தாறு. அப்ப தமிழ்நாடுன்னு பேரு கூட வரல சார், மெட்ராஸ் ராஜ்யம்தான். சேந்தனூருக்கு முதல் பஸ் விட்டது அவரு, முதல் ரைஸ் மில் அவரு, பெண்களுக்குப் பள்ளிக்கூடம் வெச்சது அவரு. இன்னிக்கு இந்த ஊர்ல ஏதாவது நல்லது இருக்குன்னா அது அவர் செஞ்சதுதான். நான் பக்கத்துல இருந்து பாத்தவன், சும்மா சொல்லல.

அவருக்கு வலது பக்கம் வெள்ளைச் சட்டையில குனிஞ்சு இருக்காரு பாருங்க, அவரு மாசிலாமணி வாத்தியார். காலனிக்காரரு. ஹரிஜனப் பள்ளிக்கூடத்து வாத்தியார்னு அப்ப சொல்லுவாங்க. இது சமபந்தி போஜனம் சார். எல்லாச் சாதியும் ஒரே வரிசையில உக்காந்து சாப்பிடறது. அந்தக் காலத்துல சர்க்காரே சொல்லி நடத்தும், பெரிய மனுஷங்க எடுத்துச் செய்வாங்க. எங்க ஊர்ல அம்பத்துநாலுலேருந்து வருஷா வருஷம் நடந்துச்சு. இடது ஓரத்துல ஒரு கை தெரியுதா, நெய்க் கிண்ணத்தோட? அது நான். போட்டோக்காரன் என்னை நகரச் சொன்னான், கை மட்டும் நகரல. நாற்பது வருஷமா அந்தக் கை அங்கேயே இருக்கு.

எஸ்.எஸ்.எல்.சி. முடிச்சுட்டு நான் அவர்கிட்ட கணக்குப்பிள்ளையா சேர்ந்தேன். தூரத்து உறவு வேற. அவரு ரொம்பப் பேச மாட்டாரு சார். மேடையில ஏறினா ரெண்டு மணி நேரம் பேசுவாரு, சாதி ஒழியணும், சமத்துவம் வரணும், எல்லாம். கீழ இறங்கினா ஒரே வார்த்தை. “பாத்துக்க, உலகநாதா.” பஸ் நின்னு போச்சுன்னா பாத்துக்க. மில்லுல தகராறா, பாத்துக்க. என்ன பாத்துக்கணும், எப்படிப் பாத்துக்கணும், அதெல்லாம் நம்ம புரிஞ்சுக்கணும். தப்பாப் புரிஞ்சுக்கிட்டா, நான் எங்கடா சொன்னேன்னுவாரு. பெரிய மனுஷங்களே அப்படித்தான்.

சமபந்தி நடத்தணும்னு சர்க்கார்லேருந்து கடுதாசி வந்த வருஷமும் அதே வார்த்தைதான். காலனியிலேருந்து ஒருத்தர் தன் பக்கத்துல உக்காரணும், அதைப் பாத்துக்கன்னாரு. யாரைக் கூட்டிக்கிட்டு வர்றது? நான் யோசிச்சு மாசிலாமணி வாத்தியாரைப் பிடிச்சேன். படிச்சவரு, சுத்தமா இருப்பாரு, அதிகம் பேச மாட்டாரு. மொதல்ல அவரு வரலைன்னுதான் சொன்னாரு. வாத்தியாரே, நல்ல காரியம், பள்ளிக்கூடத்துக்கு நாலு பெஞ்சு கேட்டீங்களே, ஐயாகிட்ட சொல்லலாம்னேன். வந்தாரு. பெஞ்சும் வந்துச்சு சார், ரெண்டு.

முதல் வருஷம் சாப்பாடு நல்லபடியா முடிஞ்சுது. போட்டோ எடுத்தாச்சு, எல்லாரும் இலையை மூடிட்டு எந்திரிக்கறாங்க. வாத்தியாரும் எந்திரிச்சாரு. அப்ப எனக்கு ஒரு சங்கடம் வந்துச்சு. எச்சில் இலை எடுக்கறதுக்குப் பாக்கியம்னு ஒரு அம்மாவை வெச்சிருந்தோம். அது எங்க தெருவுக்காரி. இந்த இலையை அது தொடுமா? தொடாது. தொடாதுன்னா சத்தம் போடும், சத்தம் போட்டா வந்திருக்கிற ஆபீசருக்குத் தெரியும். நான் வாத்தியாரை ஒண்ணும் சொல்லல சார். சத்தியமா ஒரு வார்த்தை சொல்லல. இலையைப் பாத்தேன், அவரைப் பாத்தேன். அவ்வளவுதான். அவரு குனிஞ்சு இலையைச் சுருட்டி எடுத்துக்கிட்டுப் பின்வாசல் வழியாப் போய்க் குழியில போட்டுட்டு வந்தாரு.

அடுத்த வருஷம் நான் பாக்கக் கூட வேண்டியிருக்கல. அவரே எடுத்துக்கிட்டாரு. அப்படியே ஆறு வருஷம். ஐயாவும் சமபந்தி முடிஞ்சு வீட்டுக்குப் போனதும் ஒரு குளியல் போடுவாரு. வெயில் சார். தை மாசத்துல என்ன வெயில்னு கேக்காதீங்க, அவருக்கு உடம்பு சூடு.

அறுபதுலதான் எல்லாம் கெட்டுது. அந்த வருஷம் கலெக்டரே வந்தாரு. ஊரே திரண்டுடுச்சு. முதல் பந்தியில கலெக்டர், ஐயா, வாத்தியார், டாக்டர், இன்னும் கொஞ்சம் பெரியவங்க. ரெண்டாவது பந்திக்கு வெளியில இருநூறு பேர் நிக்கறாங்க. அதுல ஒருத்தரு எனக்கு மாமனாராக வேண்டியவரு. குத்தாலம் பக்கத்துக்காரரு. செங்கமலம்னு பொண்ணு பேரு. தாம்பூலம் மாத்தி மூணு வாரம் ஆகுது. மாப்பிள்ளை கலெக்டருக்கே நெய் ஊத்தறாருன்னு பக்கத்துல நின்னவங்ககிட்ட எல்லாம் சொல்லிக்கிட்டிருந்தாராம். எனக்கு அப்ப இருபத்தாறு வயசு.

சாப்பாடு முடிஞ்சுது. கலெக்டர் எந்திரிச்சாரு, ஐயா எந்திரிச்சாரு. வாத்தியார் இலையை மூடினாரு. மூடிட்டு எந்திரிச்சு மத்தவங்களோட சேர்ந்து கை கழுவப் போயிட்டாரு.

மறந்துட்டாருன்னுதான் நான் நினைச்சேன். பாக்கியம் ரெண்டு கோடியிலேருந்தும் இலை எடுத்துக்கிட்டே வந்துச்சு. அந்த ஒரு இலைக்கு வந்ததும் தாண்டிப் போயிடுச்சு. தரையில உக்காந்து சாப்பிடற காலம் சார். நீளக் கூடம், எல்லா இடமும் துடைச்சாச்சு, நடுவுல ஒத்தை இலை கிடக்கு. அதை எடுக்காம அடுத்த பந்திக்கு இலை போட முடியாது. வெளியில சத்தம் போட ஆரம்பிச்சுட்டாங்க. கலெக்டர் வாசல்ல நாற்காலியில உக்காந்து வெத்தலை போட்டுக்கிட்டிருக்காரு, தலையைத் திருப்பினா கூடம் தெரியும். ஐயா என்னைப் பாத்தாரு. கிட்ட வந்து, காதுல விழற மாதிரி மட்டும், “பாத்துக்க, உலகநாதா”ன்னுட்டு கலெக்டர் பக்கத்துல போய் உக்காந்துக்கிட்டாரு.

நான் வாத்தியாரைத் தேடிப் போனேன். கிணத்தடியில கை துடைச்சுக்கிட்டு நிக்கறாரு. “வாத்தியாரே, இலை கிடக்கு”ன்னேன்.

“எல்லார் இலையும்தான் கிடந்துச்சு”ன்னாரு.

எனக்குப் புரியல. என்ன வாத்தியாரே புதுசான்னு கேட்டேன். அப்பத்தான் சொன்னாரு. அவரு பொண்ணு தவமணி, பதிமூணு வயசு, ஐயாவோட பள்ளிக்கூடத்துல அந்த வருஷம்தான் சேர்ந்திருந்தா. காலனியிலேருந்து அங்க சேர்ந்த முதல் பொண்ணு. மத்தியானம் அங்க சாப்பாடு போடுவோம், மந்தார இலையில. எல்லாப் பொண்ணுங்க இலையையும் ஆயா எடுக்கும், இவ மட்டும் தானே எடுத்துக்கிட்டுப் போகணும். இவ ஏன்னு கேட்டிருக்கா. பெரிய டீச்சரம்மா என்ன சொன்னாங்களாம்? உங்க அப்பாவே ஐயா பக்கத்துல உக்காந்து சாப்பிட்டுட்டு இலையை எடுத்துக்கிட்டுத்தான் போறாரு, உனக்கு என்ன வந்துச்சுன்னாங்களாம்.

“நான் இன்னிக்கு எடுத்தா அவ காலம் பூரா எடுக்கணும் உலகநாதன். பெஞ்சுக்காக எடுத்தேன். இப்ப முடியாது. பள்ளிக்கூடத்தை விட்டு அவளை அனுப்பிடுவாங்கன்னு தெரியும். தெரிஞ்சுதான் விட்டுட்டு வந்தேன்.”

எவ்வளவு சுயநலம் பாருங்க. அவருக்கு அவர் பொண்ணு பெரிசு. என் நிலைமையை ஒரு நிமிஷம் நினைச்சுப் பாத்தாரா? ஆறு வருஷமா நடந்த நல்ல காரியம், ஒரு இலையால நாசமாப் போகுதேன்னு எனக்கு ஆத்திரம் ஆத்திரமா வந்துச்சு. திரும்பி வந்தேன். பாக்கியத்தைக் கெஞ்சினேன். என்னை ஊரை விட்டுத் தள்ளி வெச்சுடுவாங்கப்பா, நீ வேணா எடுன்னுடுச்சு.

வெளியில கதவைத் தட்டறாங்க. கலெக்டர் தலையைத் திருப்பற மாதிரி இருந்துச்சு. நான் யோசிக்கல சார். யோசிச்சிருந்தா செஞ்சிருக்க மாட்டேன். குனிஞ்சு அந்த இலையை ரெண்டு கையாலயும் எடுத்தேன். எடுத்த இடத்தைத் துடைக்கவும் பாக்கியம் வரல, சாணியைக் கரைச்சு நானே மெழுகினேன். நிமிர்ந்து பாத்தா ஜன்னல் பூரா முகம். அதுல என் மாமனாராக வேண்டியவர் முகமும் இருக்கு.

கலெக்டர் பாத்துட்டாரு. அவரு பெரிய படிப்பு படிச்ச மனுஷன், வடக்கத்திக்காரரு. ஐயா கையைப் பிடிச்சுக்கிட்டு, உங்க ஊர்ல இதுவரைக்கும் நான் எங்கயும் பாக்காததைப் பாத்தேன்னாரு. அதுக்கு ஐயா, நாங்க எப்பவும் இப்படித்தான்னாரு. மறுநாள் பேப்பர்ல வந்துச்சு. சாதி இல்லாத சேந்தனூர்னு. இந்தப் போட்டோவும் வந்துச்சு. அதுலேருந்துதான் ஐயாவுக்கு அந்தக் கமிட்டி இந்தக் கமிட்டின்னு எல்லாம் வந்தது. வரட்டும். அவரு அதுக்குத் தகுதியானவருதான்.

எனக்கு என்ன வந்துச்சு? ஒரு வாரத்துல குத்தாலத்துலேருந்து கடுதாசி. ஜாதகத்தை வேற ஜோசியர்கிட்ட காட்டினோம், சரியா அமையலைன்னு. அதுக்கப்புறம் ரெண்டு இடம் பாத்தாங்க. எங்க போனாலும் அந்த இலை எனக்கு முன்னாடி போய் உக்காந்திருக்கும். சின்னப் பசங்க கூட “எலை உலகு”ன்னு கூப்பிட ஆரம்பிச்சுட்டாங்க. கல்யாண மண்டபத்து மேனேஜருக்குக் கல்யாணம் ஆகல சார். சிரிங்க, பரவாயில்ல. நானே சிரிச்சுக்கறது உண்டு.

ஐயா வீட்டுலயும் கொஞ்சம் மாத்தம். முன்ன எல்லாம் கூடத்துல உக்காரவெச்சு பித்தளை லோட்டாவுல மோர் குடுப்பாங்க. அதுக்கப்புறம் எனக்குன்னு தனியா ஒரு அலுமினியம் தம்ளர். மாட்டுக் கொட்டகை விட்டத்துல செருகியிருக்கும், நானே எடுத்துக் குடிச்சுட்டுக் கழுவி வெச்சுடணும். அது ஐயா வீட்டம்மா சொன்னது சார், ஐயா அப்படிப்பட்டவரு இல்ல. அவருக்கு அது தெரியுமான்னே எனக்குச் சந்தேகம். இருபத்திரண்டு வருஷம் அதுலதான் குடிச்சேன். என் பொருள்னு யாரும் அதைத் தொட மாட்டாங்க, அது ஒரு சௌகரியம்.

சமபந்தியா? அடுத்த வருஷத்துலேருந்து பொட்டலமா மாத்திட்டோம். புளியோதரை ஒண்ணு, தயிர்சாதம் ஒண்ணு. வாங்கிக்கிட்டு அவங்கவங்க வீட்டுக்குப் போயிடலாம். பிரச்சினையே இல்ல.

அந்தப் பொண்ணா? கேக்க மாட்டீங்களோன்னு நினைச்சேன். கலெக்டர் வந்துட்டுப் போன மூணாம் நாள், கார்ல ஏறப் போற சமயம் ஐயா நின்னாரு. “அந்த வாத்தியார் பொண்ணு விஷயம். பாத்துக்க, உலகநாதா.” இதுக்கு என்ன அர்த்தம்னு எனக்குத் தெரியாதா? பள்ளிக்கூடத்துக்குப் போனேன். பெரிய டீச்சரம்மா என்னைப் பாத்ததுமே, டி.சி. எழுதிடட்டுமான்னாங்க. பேனாவைக் கையில எடுத்துட்டாங்க.

மத்தியானச் சாப்பாட்டு நேரம். ஆபீஸ் ரூம் ஜன்னல் வழியாப் பாத்தா வராந்தா தெரியும். எல்லாப் பொண்ணுங்களும் எந்திரிச்சுப் போயாச்சு. கடைசியில இந்தப் பொண்ணு மட்டும் மூடின இலைக்கு முன்னாடி உக்காந்திருக்கு. அப்பாவைப் பாத்து அதுவும் எடுக்கறதில்லைன்னு முடிவு பண்ணிடுச்சு போல. சாப்பிட்ட கை காய்ஞ்சு வெள்ளையா இருக்கு. அழல. சும்மா உக்காந்திருக்கு. ஆயா தூண்ல சாஞ்சுக்கிட்டு நிக்குது.

எனக்கு அலுப்பு வந்துச்சு சார். கோபம் இல்ல, இரக்கம்னும் சொல்ல மாட்டேன். கை காலெல்லாம் விட்டுப்போன மாதிரி ஒரு அலுப்பு. இந்தப் பொண்ணும் எடுக்காது, ஆயாவும் எடுக்காது, கடைசியில என்னைத்தான் கூப்பிடுவாங்க. இன்னொரு இலையை எடுக்க எனக்குத் தெம்பு இல்ல. “டி.சி. எல்லாம் வேண்டாம். ஐயா சொல்லிட்டாரு, இனிமே எல்லா இலையையும் ஆயாதான் எடுக்கணும்”னுட்டேன். அவங்க நம்பல. பேப்பரைப் பாக்கலையா, கலெக்டர் வந்து பாப்பாரு தெரியுமான்னு சத்தம் போட்டேன். என் வாழ்க்கையில ஐயா பேரைச் சொல்லிப் பொய் சொன்னது அந்த ஒரு தடவைதான்.

ஐயாவுக்குத் தெரிய வரும், வேலை போயிடும்னு ஒரு மாசம் தூங்கல. ஆனா அவரு ஒண்ணுமே கேக்கல. அடுத்த ஆண்டு விழாவுல, எங்க பள்ளிக்கூடத்துல எல்லாக் குழந்தைகளுக்கும் ஒரே மரியாதைன்னு பேசினாரு. கை தட்டினாங்க. நானும் தட்டினேன்.

வாத்தியாருக்கு எப்படியோ தெரிஞ்சிருக்கு. பொண்ணு எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் பண்ணினப்ப வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டாரு. எனக்கு மில்லுல வேலை. டீச்சர் வேலை கிடைச்சப்ப கூப்பிட்டாரு. அன்னிக்குக் காய்ச்சல். அவருக்கு உடம்பு முடியாம இருந்தப்ப ஆள் அனுப்பினாரு, ஒரு வாய் காப்பி குடிச்சுட்டுப் போகச் சொல்லுன்னு. போகணும்னுதான் இருந்தேன். தெரு முனை வரைக்கும் போனேன். யாரோ பாத்த மாதிரி இருந்துச்சு, திரும்பிட்டேன். ஏற்கெனவே ஒரு பேரு வாங்கியாச்சு, இன்னொண்ணு எதுக்கு? ரெண்டு நாள்ல அவரு போயிட்டாரு. அதை நினைச்சா இன்னிக்கும் மனசு கேக்கல சார்.

அது பழைய கதை. இப்ப யாரு இதெல்லாம் பாக்கறா? எல்லாச் சாதிக்கும் மண்டபத்தை வாடகைக்கு விடறோம். இன்னிக்கு இந்தக் கல்யாணமே யார் வீட்டுக் கல்யாணம்னு நினைக்கறீங்க? பொண்ணோட அம்மா, அரக்குப் பட்டுல மூக்குக்கண்ணாடி போட்டுக்கிட்டு எல்லாரையும் கூப்பிட்டுக்கிட்டு இருக்காங்களே, உங்களுக்குக் கூட சந்தனம் குடுத்தாங்களே, அவங்கதான் தவமணி டீச்சர். அதே பள்ளிக்கூடத்துக்கு இப்ப அவங்கதான் ஹெட்மிஸ்ட்ரஸ்.

காலையில சாவி குடுக்கறப்ப என்கிட்ட வந்தாங்க. முகூர்த்த நேரத்துல ஆயிரம் வேலை இருக்கு அவங்களுக்கு, வந்து நின்னாங்க. “அன்னிக்கு ஆபீஸ் ரூம்ல நீங்க போட்ட சத்தம் எனக்குக் கேட்டுச்சு சார். அப்பா உங்களை மூணு தடவை கூப்பிட்டாங்க, நீங்க வரல. இன்னிக்கு நீங்க இருக்கிற இடத்துக்கே நான் வந்திருக்கேன். நீங்க வந்து உக்காந்தப்புறம்தான் நான் சாப்பிடுவேன்.”

முட்டி வலிம்மா, உக்கார முடியாதுன்னேன். அவங்க கூடத்தை ஒரு தடவை திரும்பிப் பாத்துட்டுப் போயிட்டாங்க.

ஆமாம் சார், மேஜை நாற்காலிதான். எனக்கும் தெரியுது. பதினஞ்சு வருஷமா மேஜை நாற்காலிதான், நான்தான் வாங்கிப் போட்டேன். சொல்றப்பவே வாய் கூசிச்சு. வந்த வார்த்தையைத் திரும்ப முழுங்க முடியுமா? இலையை எடுக்கச் சொன்னா இப்பக்கூட எடுத்துடுவேன் சார். பக்கத்துல உக்காருன்னாத்தான் என்னமோ ஆயிடுது.

அதோ, எந்திரிக்கறாங்க. இலை எடுத்தாச்சு. இப்பல்லாம் மேஜை மேல பேப்பர் விரிச்சுடறாங்க, அப்படியே சுருட்டிக்கிட்டுப் போயிடறாங்க, யார் இலை எதுன்னே தெரியாது. போங்க சார், ரெண்டாவது பந்தி. டீச்சரும் இப்பத்தான் உக்காரப் போறாங்க. அவங்களுக்கு வலது பக்கம் ஒரு இலை காலியா இருக்கும், யாரையும் உக்கார விட மாட்டாங்க. நீங்க போய் உக்காந்துடுங்க. வெளியூர்க்காரரு, உங்களை ஒண்ணும் சொல்ல மாட்டாங்க.

என்னைக் கேட்டாங்கன்னா? வாசல்ல நிக்க வேற ஆள் இல்லைன்னு சொல்லுங்க. அவங்க சாப்பிட்டுட்டு வரட்டும், இங்க எல்லாத்தையும் நான் பாத்துக்கறேன்னு சொல்லுங்க.